பத்தெழுத்துப் புதிர்: முதலில் யாரிடம் போவது?

சென்ற போகிக்கு முந்தைய நாள் எங்கள் வீட்டுப் பரணிலிருந்து ஒரு தகரப்பெட்டி இறங்கியது. கும்பகோணத்தில் தாத்தா நடத்திய பாத்திரக்கடையின் பழைய நாள்வழிகள் (அன்றாட வரவு செலவு எழுதும் புத்தகங்கள்), இரண்டு பேரேடுகள், ஒரு சரக்குப் புத்தகம் உள்ளே இருந்தன. மறுநாள் விடியற்காலையில் தெருமுனையில் எரிப்பதற்கு ஒதுக்கிய கிழிந்த பாய்களோடு இந்தப் பெட்டியும் போயிருக்கும். அம்மா ஒரு புத்தகத்தைச் சும்மா பிரித்துப் பார்த்ததால் தப்பியது. அது 1961-ஆம் வருடத்து நாள்வழி. பின்னட்டையின் உட்புறத்தில், வேறு எதுவும் எழுதப்படாத இடத்தில், ஒரே ஒரு வரி இருந்தது.

காவிமகாதவகாநீளரு

நடுவில் இடைவெளி இல்லை. புள்ளி இல்லை. முன்னும் பின்னும் ஒரு குறிப்பும் இல்லை. எண்ணினால் பத்து எழுத்து. 'கா' மட்டும் மூன்று முறை வருகிறது.

அன்று இரவே ஆளுக்கொரு பொருள் சொன்னோம். அத்தைக்கு முதல் இரண்டு எழுத்தே போதுமாக இருந்தது. 'காவி, மகா தவ, கா' என்று பிரித்தார். தாத்தா திருவாவடுதுறை மடத்துக்குக் குருபூசை தவறாமல் போனவர். துறவு பூண வேண்டும் என்ற எண்ணம் அவருக்குள் இருந்திருக்கிறது, பெண்டு பிள்ளைகளிடம் சொல்ல முடியாமல் கணக்குப் புத்தகத்தின் முதுகில் எழுதி வைத்துவிட்டார் என்று சொல்லிக் கண்கலங்கினார். 'நீளரு' என்ற கடைசி மூன்று எழுத்துக்கு அவரிடம் விடை இல்லை. ஆனால் அந்த நேரத்தில் அதை யாரும் கேட்கவில்லை. அவ்வளவு அழகாக முதல் ஏழு எழுத்து பொருந்தியிருந்தது.

இப்படி ஒரு வரி கையில் கிடைத்தால் போவதற்கு நான்கு வழிகள் உண்டு. தமிழ் படித்த ஒருவரிடம் போகலாம். கணினியிடம் கொடுக்கலாம். சுவடியும் கல்வெட்டும் படிக்கிற அறிஞரைத் தேடலாம். எழுதியவரோடு பழகிய மனிதர்களைத் தேடலாம். நாங்கள் இதே வரிசையில் போனோம். தையில் தொடங்கியது ஆனியில் முடிந்தது. அந்த வரிசை தவறு என்பது என் உறுதியான எண்ணம். டெல்டாவில் வணிகம் நடந்த பழைய வீடுகளில் இதுபோன்ற பெட்டிகள் இன்னும் எத்தனையோ இருக்கும். அவற்றைத் திறக்கப் போகிறவர்களுக்காக, நான்கு வழிகளும் என்ன தரும், எங்கே கைவிடும் என்று எழுதுகிறேன்.

புலமையின் வழி

சித்தப்பா ஓய்வுபெற்ற தமிழாசிரியர். வரியைப் பார்த்ததும் 'இது சித்திரகவியாக இருக்கலாம்' என்றார். அந்த ஐயம் நியாயமானதுதான். எழுத்தை ஒளித்து வைப்பதும் புரட்டி வைப்பதும் தமிழில் பெரிய கலை. அதற்குக் காவிரிக் கரையே சாட்சி. சீர்காழியில் பிறந்த ஞானசம்பந்தர் அந்த ஊரின் மேல் பாடிய திருமாலைமாற்று 'யாமாமாநீ யாமாமா யாழீகாமா காணாகா' என்று தொடங்குகிறது. அந்தப் பாட்டைக் கடைசி எழுத்திலிருந்து திருப்பிப் படித்தாலும் அதே பாட்டுதான் வரும். கும்பகோணம் சாரங்கபாணியின் மேல் திருமங்கையாழ்வார் பாடிய திருவெழுகூற்றிருக்கையில் எண்கள் படிப்படியாக ஏறி இறங்கும். காதைகரப்பு என்று ஒரு வகை இருக்கிறது. ஒரு செய்யுளின் முடிவிலிருந்து ஓரெழுத்து விட்டு ஓரெழுத்தாக எடுத்துக்கொண்டே வந்தால் அதற்குள்ளிருந்து இன்னொரு செய்யுள் வெளியே வரும்.

சித்தப்பா வரியைத் திருப்பி எழுதினார்: ருளநீகாவதகாமவிகா. முதல் நான்கு எழுத்தைப் பார்த்ததும் அவர் முகம் மலர்ந்துவிட்டது. முன்னால் ஓர் அகரம் மட்டும் சேர்த்தால் 'அருள நீ கா'. காக்கும் தெய்வத்திடம் அருளை வேண்டும் வரி! மீதி ஆறு எழுத்துக்காக அவர் பத்து நாள் உழைத்தார். 'வதகாமவிகா' எதற்கும் இணங்கவில்லை.

இந்த வழியின் பலமும் பலவீனமும் இந்த ஓர் இடத்திலேயே தெரிகின்றன. ரகரம் தமிழ்ச்சொல்லின் முதலில் வராது என்பது சித்தப்பா முப்பது வருடம் வகுப்பில் சொல்லிக்கொடுத்த விதி. விதிப்படி 'ரு' என்று ஒரு சொல் தொடங்க முடியாது. ஆகவே திருப்பிப் படிப்பது தவறு என்று அந்த விதி அவரை எச்சரித்திருக்க வேண்டும். மாறாக, அதே விதியைக் காரணம் காட்டி இல்லாத அகரத்தைக் கொண்டுவந்து வைத்தார். நிறையப் படித்த மனம் வெற்றிடத்தைப் பொறுத்துக்கொள்ளாது. அதற்காக அவரை நான் குறை சொல்ல மாட்டேன். அத்தை பார்த்த காவித் துணியும் அப்படி வந்ததுதான்.

கலைந்த எழுத்துகளைச் சேர்ப்பதற்குத் தமிழ் இலக்கணம் போன்ற கருவி கிடைப்பது அரிது என்பதையும் சொல்ல வேண்டும். ட, ண, ர, ல, ழ, ள, ற, ன ஆகியவை சொல்லுக்கு முதலில் வரா. ர், ழ் இரண்டும் தமக்குத் தாமே இரட்டிக்கா. ங் வந்தால் அடுத்து க வரும். ஞ் வந்தால் பெரும்பாலும் ச வரும். நீளமான ஒரு வாக்கியத்தைக் கலைத்துக் கொடுத்தால், இந்த விதிகளை மட்டும் வைத்துப் பாதி வழி போய்விடலாம். ஆனால் எங்கள் வரியில் பத்தே எழுத்து. புள்ளி வைக்காத கை என்பதால் எது மெய், எது உயிர்மெய் என்றும் தெரியாது. விதிகள் பிடித்துக்கொள்ள அங்கே இடமே இல்லை.

எழுதியவர் கவிராயராகவோ புராணம் வாசித்தவராகவோ இருந்தால் இந்த வழியை முதலில் எடுங்கள். எங்கள் தாத்தா செம்பும் பித்தளையும் நிறுத்து விற்றவர். ஒரு வெண்பாகூட எழுதியதாக யாரும் சொல்லிக் கேட்டதில்லை.

கணினியின் வழி

அக்காள் மகன் பொறியியல் படிக்கிறான். பத்து எழுத்தை எத்தனை விதமாக மாற்றி அடுக்கலாம் என்று கணக்குப் போட்டான். 'கா' மூன்று முறை வருவதைக் கழித்துப் பார்த்தால் 6,04,800 விதம். நொடிக்கு ஒன்றாகப் படித்தால், உண்ணாமல் உறங்காமல் சரியாக ஏழு நாள் ஆகும். கணினிக்கு அது கண் இமைக்கும் வேலை. அகராதிச் சொற்களோடு ஒப்பிட்டுத் தேறியவற்றை மட்டும் காட்டு என்று ஒரு நிரலை எழுதினான்.

முதல் தடங்கல் நாங்கள் எதிர்பாராத இடத்தில் வந்தது. நிரல் வரியில் 16 எழுத்து இருப்பதாகச் சொன்னது. யூனிகோடில் 'கா' என்பது ஓர் எழுத்து அன்று. ககரமும் கால் குறியுமாக இரண்டு குறியீடு. 'வி', 'நீ', 'ரு' எல்லாம் அப்படியே. அதனால் எழுத்துகளைக் கலைக்கச் சொன்னபோது கால் தனியே, சுழி தனியே பிய்ந்து விழுந்து, எந்தத் தமிழனும் எழுதாத உருவங்கள் திரையில் வந்தன. உயிர்மெய்யை ஓர் அலகாக எண்ணும்படி நிரலைத் திருத்த அவனுக்கு இரண்டு நாள் பிடித்தது. ஆங்கிலத்துக்குச் செய்த எழுத்துப் புதிர்க் கருவிகளில் தமிழைப் போடுகிறவர்கள் இதை முதலில் சரிபார்க்க வேண்டும். தவறான எண்ணிக்கையில் தொடங்கினால் அதற்குப் பிறகு செய்வதெல்லாம் தவறு.

திருத்திய பிறகு விடைகள் வந்தன. வந்ததுதான் சிக்கல். நூற்றுக்கணக்கான அடுக்குகளில் இரண்டு மூன்று சொற்கள் தேறின. எதை நம்புவது? உரையாடும் செயலி ஒன்றிடமும் வரியைக் கொடுத்தோம். நான்கு முறை கேட்டதற்கு நான்கு விளக்கம், நான்கும் ஒரே உறுதியோடு. ஒன்றில் அது சித்த மருத்துவக் குறிப்பு. இன்னொன்றில் அம்மன் துதி.

இது கருவியின் குற்றம் என்று மட்டும் சொல்ல மாட்டேன். மறைமொழியைப் பற்றிய கணித அடிப்படையை 1949-இல் கிளாட் ஷானன் வகுத்துக் காட்டினார். அதன்படி, மறைத்த செய்தி ஓர் அளவுக்குக் குறைவாக இருந்தால், அதற்குப் பொருந்துகிற விடைகள் பல இருக்கும். எது சரி என்று அந்தச் செய்தியை மட்டும் வைத்து யாராலும் தீர்மானிக்க முடியாது. எவ்வளவு வேகமான கணினியும் இல்லாத தகவலை உண்டாக்க முடியாது.

இதற்கு நம் பக்கத்திலேயே ஒரு சான்று இருக்கிறது. மயிலாடுதுறைக்கு அருகே செம்பியன் கண்டியூரில் கிடைத்த புதிய கற்காலக் கைக்கோடரி 2006-இல் பெரும் பேச்சானது. அதில் சிந்துவெளி எழுத்தைப் போன்ற நான்கு குறிகள் இருந்தன. அதை ஆராய்ந்த ஐராவதம் மகாதேவன், சிந்துவெளி எழுத்துகளின் தொடரடைவை, அதாவது எந்தக் குறி எந்த வரிகளில் வருகிறது என்ற அட்டவணையை, 1977-இலேயே வெளியிட்டவர். ஒப்பிட்டுப் பார்க்க ஆயிரக்கணக்கான வரிகள் அவரிடம் இருந்ததால்தான் அந்த நான்கு குறிகளைப் பற்றி அவரால் பேச முடிந்தது. அப்போதும் அந்த வாசிப்பை எல்லா அறிஞரும் ஏற்கவில்லை. தனித்து நிற்கும் நான்கு குறி, தனித்து நிற்கும் பத்து எழுத்து: இரண்டுக்கும் தேவை ஒன்றே. அதே கையில், அதே மரபில் வந்த வேறு வரிகள் வேண்டும்.

கணினி வீண் என்று இதற்குப் பொருள் இல்லை. நாங்கள் அதற்குக் கொடுத்த வேலைதான் தவறு. சரியான வேலையைக் கொடுத்தபோது அது என்ன செய்தது என்று பின்னால் சொல்கிறேன்.

இடையில் ஒரு செய்தி. உங்களிடம் இருப்பது கையெழுத்தாக இல்லாமல், பழைய கணினிக் கோப்பில் ஆங்கில எழுத்தும் குறிகளும் குழம்பிக் கிடக்கும் வரியாக இருந்தால், அது பெரும்பாலும் மறைமொழியே அன்று. யூனிகோடு பரவுவதற்கு முன் தமிழுக்குப் பல எழுத்துருக் குறியீடுகள் இருந்தன. 1999-இல் சென்னையில் நடந்த தமிழிணைய மாநாட்டுக்குப் பிறகு தாம், தாப் என்ற இரண்டைத் தமிழக அரசு ஏற்றது. அவற்றோடு பாமினி, திஸ்கி என வேறு வகைகளும் புழங்கின. எழுத்துரு மாற்றி ஒன்றில் இட்டு ஒவ்வொரு குறியீடாகச் சோதித்தால் சில நிமிடங்களில் தமிழ் வந்துவிடும். அதற்காக யாரும் ஊர் ஊராக அலைய வேண்டாம்.

தஞ்சாவூருக்குப் போன வழி

கும்பகோணத்திலிருந்து 40 கிலோமீட்டரில் தஞ்சாவூர். சுவடி என்றால் நாட்டிலேயே பெயர் பெற்ற சரஸ்வதி மகால் நூலகம் அங்கே இருக்கிறது. இரண்டாம் சரபோஜி பார்த்துப் பார்த்து வளர்த்தது. 1981-இல் தொடங்கிய தமிழ்ப் பல்கலைக்கழகத்தில் ஓலைச்சுவடிக்கும் கல்வெட்டுக்கும் தனித் துறைகள் இருக்கின்றன. மராத்தியர் காலத்து மோடி எழுத்து ஆவணங்களைப் பார்த்தால் நம் கண்ணுக்கு ஒரே கோடாக இழுத்த கிறுக்கல் போலத்தான் தெரியும். அதையும் சரளமாகப் படிக்கக் கற்றவர்கள் தஞ்சையில் இருந்திருக்கிறார்கள். உங்கள் பெட்டியில் இருப்பது ஓலையாகவோ, கிரந்தமாகவோ, மோடியாகவோ, எந்த மொழி என்றே தெரியாததாகவோ இருந்தால் வேறு எங்கும் போக வேண்டாம். நேரே தஞ்சாவூருக்குப் போங்கள்.

சுவடி படிக்கும் பெரியவர் ஒருவரை மாசிக் கடைசியில் பார்த்தோம். அவர் வரியைப் படிக்கவே இல்லை. மூன்று கேள்வி கேட்டார். இது யார் கை? எந்தப் புத்தகத்தில் எந்தப் பக்கம்? இதே கையில் வேறு எழுத்து உங்களிடம் உண்டா? எங்களுக்கு முகம் வாடிவிட்டது. வரியை மட்டும் கைப்பேசியில் நெருக்கமாகப் படம் எடுத்துக் கொண்டுபோயிருந்தோம். முழுப் பக்கத்தின் படம்கூட இல்லை.

முதல் கேள்விக்குத் 'தாத்தா கை' என்றோம். அவர் ஒன்றும் சொல்லாமல் தலையாட்டினார்.

பிறகு தாளில் எழுதிக் காட்டினார். பழைய கணக்கில் தமிழ் எண்ணை எழுதினால் ௧ ககரம் போலவும் ௫ 'ரு' போலவும் ௱ 'ள' போலவும் இருக்கும். ஆகவே 'ளரு' என்பது எழுத்தே அல்லாமல் ௱௫, அதாவது 105 ஆகவும் இருக்கலாம். ஓலையாக இருந்தால் இன்னொரு குழப்பமும் சேரும். அங்கே ரகரத்துக்கும் காலுக்கும் வேறுபாடு இராது, 'கா' என்று நாம் படிப்பது 'கர' ஆகவும் இருக்கலாம். 1961-ஆம் வருடத்துக் காகிதத்துக்கு அந்த இரண்டாவது ஐயம் தேவையில்லை என்று அவரே அதை ஒதுக்கினார். கடைசியாக, 'இது சுவடிக்காரன் வேலை இல்லை; கடைக்காரன் வேலை. கடைக்கணக்கு எழுதியவர்கள் யாராவது இருக்கிறார்களா என்று பாருங்கள். இல்லாவிட்டால் மற்றப் புத்தகங்களை எடுத்து வையுங்கள்' என்றார்.

நான்கு வழிகளில் எங்களுக்கு அதிகம் கற்றுக்கொடுத்தது அந்த ஒரு மணி நேரம்தான். அறிஞர் விடை சொல்வார் என்று போனோம். எது தன்னுடைய துறை இல்லை என்று அவர் சொன்னதே பெரிய உதவியாகிவிட்டது. செலவு என்று பார்த்தால் பஸ் டிக்கெட் மட்டும். இந்த வழியில் குறை ஒன்றுதான். கொண்டுபோகும் பொருளைச் சுற்றியிருந்த செய்திகளையும் நாம் கொண்டுபோகாவிட்டால் எவ்வளவு பெரிய அறிஞராலும் உதவ முடியாது.

இதே பாடத்தைப் பெரிய அளவில் காட்டும் வரலாறு ஒன்று உண்டு. தென்தமிழ்நாட்டுக் குகைகளில் கிடைத்த பிராமிக் கல்வெட்டுகளின் எழுத்து வடிவங்கள் பெரும்பாலும் தெரிந்தவையாக இருந்தும் பொருள் பிடிபடவில்லை. 1924-இல் கே.வி. சுப்பிரமணிய ஐயர் அவற்றின் மொழி தமிழ் என்று எடுத்துக்காட்டிய பிறகுதான் பாதை திறந்தது. எழுத்துகள் என்ன என்ற கேள்வி முன்னால் நின்றவரை அடைபட்டிருந்த கதவு, எழுதியவர் யார், பேசிய மொழி எது என்ற கேள்விக்குத் திறந்தது.

மனிதர்களின் வழி

தஞ்சாவூரிலிருந்து திரும்பிய பிறகு சரக்குப் புத்தகத்தைப் பிரித்தோம். பெட்டியில் அத்தனை நாளும் எங்கள் கண் முன்னாலேயே இருந்தது. குடம், அண்டா, தவலை, சருவம், குத்துவிளக்கு என்று வரிசையாகப் பெயர். ஒவ்வொன்றுக்கும் நேரே இரண்டு மூன்று எழுத்து. 'விர', 'ரிரு', 'காவரு'. நாங்கள் அவற்றைப் பட்டறைகளின் பெயர்ச் சுருக்கம் என்று நினைத்துப் பார்வையை ஓட்டிவிட்டிருந்தோம்.

இப்போது அக்காள் மகனின் நிரலுக்கு வேலை வந்தது. முந்நூறுக்கு மேற்பட்ட வரிகளைத் தட்டச்சு செய்து கொடுத்தான். அரை நாளில் மூன்று உண்மை தெரிந்தது. புத்தகம் முழுவதிலும் அந்த இடத்தில் பத்தே பத்து வேறு வேறு எழுத்துகள்தான் வருகின்றன. 'ரு' ஒரு வரியில்கூட முதலில் வரவில்லை. கடைசியில் அதிகம் வருபவை 'ரு'வும் 'ர'வும். பத்து எழுத்து என்றால் பத்து இலக்கம். முதலில் வராத இலக்கம் சுழியம். விலைகள் சுழியத்திலும் ஐந்திலும்தானே அதிகம் முடியும்! சித்தப்பாவுக்கு அருளாகத் தெரிந்த 'ரு', வெறும் சுழியம். சொல்லின் முதலில் ரகரம் வராது என்ற இலக்கண விதியும், எண்ணின் முதலில் சுழியம் நிற்காது என்ற கணக்கு விதியும் ஒரே எழுத்தின் மேல் வந்து நின்றதை நினைத்தால் எனக்கு இப்போதும் வியப்பாக இருக்கிறது.

கடைத்தெருவில் வளர்ந்தவர்களுக்கு இது புதிய செய்தி அன்று. வாடிக்கையாளர் பேரம் பேசும்போது விற்பவருக்கு அடக்க விலை தெரிய வேண்டும். எதிரில் நிற்பவருக்குத் தெரியக் கூடாது. அதற்காகப் பத்து வேறு எழுத்து கொண்ட ஒரு தொடரை வைத்துக்கொண்டு, முதலெழுத்து ஒன்று, இரண்டாம் எழுத்து இரண்டு என்று விலையை எழுதுவார்கள். பொற்கொல்லர் பொன்னைப் 'பறி' என்றும் யானைப்பாகர் ஆடையைக் 'காரை' என்றும் சொல்வதைக் குழூஉக்குறி என்று இலக்கணம் குறித்துவைத்திருக்கிறது. அதன் கடைத்தெருப் பிள்ளைதான் இது. ஒவ்வொரு கடைக்கும் தனித் தொடர். எந்தப் புத்தகத்திலும் அதை எழுதி வைக்க மாட்டார்கள். தெரிந்தவர் வாயில் மட்டும் இருக்கும்.

எண்கள் என்று தெரிந்த பிறகும் எந்த எழுத்து எந்த எண் என்பதைக் கணக்கால் மட்டும் முழுதாகக் கண்டுபிடிக்க முடியவில்லை. சுழியமும் ஐந்தும் கைக்கு வந்தன, மற்றவை ஊகம். எங்கள் வரியில் வேறு வேறு எழுத்து எட்டு. 'ரு'வை ஒதுக்கிவிட்டாலும், மீதி ஏழு எழுத்துக்கு எஞ்சிய எட்டு இலக்கங்களைப் பொருத்த 40,320 வழி உண்டு. தொடரைத் தெரிந்த ஒருவர் வேண்டும்.

கடையில் வேலை பார்த்தவர்களில் இருவர்தான் மிஞ்சியிருக்கிறார்கள் என்று அம்மா சொன்னார். விசாரித்தோம். ஒருவர் மாசி முதல் வாரம் காலமாகியிருந்தார். நாங்கள் 6,04,800 அடுக்குகளைத் திரையில் ஓட்டிக்கொண்டிருந்த அதே வாரம். அவர் வீடு எங்கள் தெருவிலிருந்து மூன்று தெரு தள்ளி. இதை எழுதும்போதும் எனக்கு நெஞ்சு அடைக்கிறது.

என் தீர்ப்பு இந்த இடத்திலிருந்துதான் வருகிறது. தாள் காத்திருக்கும், கரையானும் ஈரமும் வராமல் பார்த்துக்கொண்டால் இன்னும் ஐம்பது வருடம் இருக்கும். கணினி அடுத்த வருடம் இதைவிட நன்றாக வேலை செய்யும். இலக்கணம் எங்கும் போகாது. எண்பது வயதைக் கடந்த மனிதர் காத்திருக்க முடியாது. ஆகவே முதல் நாளே, புதிரின் அழகில் மயங்குவதற்கு முன்பே, எழுதியவரோடு இருந்தவர்களின் பட்டியலைப் போட்டு, வயதில் மூத்தவரிலிருந்து பார்க்கப் போக வேண்டும். அதே வாரத்தில், அதே கையெழுத்தில் இருக்கும் மற்ற எல்லாவற்றையும் ஒன்று சேர்க்க வேண்டும். சேர்ந்த பிறகு எண்ணும் வேலையைக் கணினியிடம் கொடுக்கலாம். எழுத்து வடிவமே தெரியாதபோது மட்டும் அறிஞரை முதலில் தேடலாம். சொற்பொருள் தேடும் புலமை கடைசியில் வரட்டும். அப்போது அது கற்பனையாகப் பறக்காது.

மனிதர்களின் வழியிலும் இடர் உண்டு. நினைவு பிசகும், கேட்பவர் ஆசைக்கு ஏற்ப விடை சொல்லும் முதியவர்களும் உண்டு. அதனால் நாமாக விடையை முன்வைத்து 'இதுதானே?' என்று கேட்கக் கூடாது. அவர் சொல்வதைச் சரிபார்க்கத் தனியாக ஒரு சான்று கையில் இருக்க வேண்டும். எங்களிடம் சரக்குப் புத்தகம் இருந்தது.

உ.வே. சாமிநாதையர் 1880-இல் கும்பகோணம் கல்லூரியில் தமிழாசிரியராகச் சேர்ந்த பிறகு சீவக சிந்தாமணி ஏடு அவர் கைக்கு வந்தது. அத்தனை படித்தவருக்கும் அதிலிருந்த சமணச் செய்திகள் பிடிபடவில்லை. அவர் என்ன செய்தார்? கும்பகோணத்திலேயே வாழ்ந்த சமணர்களின் வீடு தேடிப் போய்க் கேட்டார். அங்கே அந்தக் காப்பியத்தை அவர்கள் இன்னும் பாராயணம் செய்துகொண்டிருந்தார்கள். 1887-இல் பதிப்பு வெளிவந்தது. எங்கள் ஊரில் நடந்த இந்தக் கதையைச் சித்தப்பா வகுப்பில் எத்தனையோ முறை சொல்லியிருக்கிறார். நான் அதைக் கேட்டு வளர்ந்தவன். இருந்தும் எனக்குத் தோன்றவில்லை.

தாளைப் பற்றி இரண்டு வார்த்தை. பக்கத்தைக் கிழித்துத் தனியாக எடுக்காதீர்கள். பாதுகாப்பு என்று நினைத்து லேமினேட் செய்யவோ செலோடேப் ஒட்டவோ வேண்டாம். பசை தாளைத் தின்றுவிடும். சாய்வாக வெளிச்சம் விழும்படி வைத்து, அட்டை முதல் அட்டை வரை முழுப் பக்கங்களாகப் படம் எடுங்கள்.

நாச்சியார்கோயிலில்

மிஞ்சியிருந்த மற்றொருவர் கடையின் கணக்குப்பிள்ளை. நாச்சியார்கோயிலில் மகன் வீட்டில் இருக்கிறார். வயது எண்பத்து மூன்று. விளக்குப் பட்டறைகளின் தட்டல் கேட்கும் தெரு. ஆனி மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை போனேன். கண்புரை முற்றிவிட்டதால் எழுத்து தெரியவில்லை என்றார். தை மாதத்தில் ஓரளவு தெரிந்துகொண்டிருந்ததாம்.

வரியை நான் சொல்லவில்லை. 'ஐயா, கடையில் விலைக்கு ஒரு தொடர் வைத்திருந்தீர்களாமே' என்று மட்டும் கேட்டேன். ஒரு நொடிகூட யோசிக்கவில்லை.

'காவிரி நீர் வளம் தரு. விரல் விட்டு எண்ணிக்கொள்ளுங்கள், தம்பி.'

எண்ணினேன். கா ஒன்று, வி இரண்டு, ரி மூன்று, நீ நான்கு, ர் ஐந்து, வ ஆறு, ள ஏழு, ம் எட்டு, த ஒன்பது, ரு சுழியம். ஐந்தும் சுழியமும் நிரல் சொன்ன இடத்திலேயே நின்றன. பையிலிருந்த நாள்வழியை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு அட்டையின் வரியை எண்ணாக மாற்றினேன். 1, 2, 8, 1, 9, 6, 1, 4, 7, 0.

12-8-1961. அதற்குப் பிறகு 470.

அந்தத் தேதிக்குப் புரட்டினேன். பிலவ வருஷம், ஆடி மாதம், சனிக்கிழமை. அன்றைய வரவு, பற்று எல்லாம் எழுதிக் கூட்டிக் கீழே கையிருப்பு 812 ரூபாய். ஞாயிறு கடை இல்லை. திங்கட்கிழமைப் பக்கத்தின் தலைப்பில் முன்னிருப்பு 342. நடுவில் எந்தப் பற்றும் இல்லை. 470 ரூபாய் ஒரு வரிகூட எழுதப்படாமல் கல்லாவிலிருந்து போயிருக்கிறது. அட்டையின் உட்புறத்தில் மட்டும் அது இருக்கிறது.

நான் படித்துச் சொன்னதைக் கேட்டவர் சற்று நேரம் பேசாமல் இருந்தார். பிறகு உள்ளே குரல் கொடுத்துப் பூதக்கண்ணாடியை எடுத்து வரச் சொன்னார். அட்டையை வாசல் வெளிச்சத்துக்குத் திருப்பி, கண்ணாடியை எழுத்தின் மேல் மிக மெதுவாக நகர்த்தினார். 'நீ'யின் சுழியில் வந்ததும் நிறுத்தினார்.

'இது முதலாளி கை இல்லை, தம்பி. என் கை. சரக்குப் புத்தகமும் நான் எழுதியதுதான்.'

பணம் எதற்காகப் போனது என்று கேட்டேன். அது முதலாளிக்கும் அவருக்கும் உள்ள விஷயம் என்றார். அதற்கு மேல் நான் கேட்கவில்லை. பஸ்ஸுக்கு எழுந்தபோது அவரே கூப்பிட்டார். பெட்டியில் 1962-ஆம் வருடத்து நாள்வழி இருக்கிறதா என்று விசாரித்தார். இருக்கிறது என்றேன். அடுத்த முறை வரும்போது அதையும் கொண்டுவரச் சொல்லியிருக்கிறார்.